திறக்காத டின்

லாஸ் ஏஞ்சலிஸ் நகரத்தின் லா சியெனகா சாலையில் ஃபெரஸ் என்றொரு சின்ன ஓவியக்கூடம் இருந்தது. 1962 ஜூலை 9 அன்று அங்கே ஒரு கண்காட்சி தொடங்கியது. சுவரை ஒட்டிக் குறுகலாக ஒரு பலகை அடித்திருந்தார்கள், மளிகைக்கடையில் சாமான் அடுக்கும் பலகை மாதிரி. அதன்மேல் வரிசையாக 32 ஓவியங்கள். ஒவ்வொன்றும் 20 அங்குல உயரம், 16 அங்குல அகலம். 32-லும் காம்ப்பெல் கம்பெனியின் சூப் டின்தான். மேல் பாதி சிவப்பு, கீழ்ப் பாதி வெள்ளை, நடுவே பொன்னிற வட்டம். தக்காளி, காளான், கோழி நூடுல்ஸ், பச்சைப் பட்டாணி என்று டின்னுக்கு டின் சூப்பின் பெயர்தான் மாறியது. அப்போது அந்தக் கம்பெனி விற்ற சூப் வகைகள் 32. அதனால் ஓவியங்களும் 32.

ஓர் ஓவியத்தின் விலை 100 டாலர். பக்கத்தில் இருந்த இன்னொரு ஓவியக்கூடக்காரர் தன் கண்ணாடி ஜன்னலில் நிஜமான காம்ப்பெல் டின்களை அடுக்கிவைத்து, எங்களிடம் இதைவிட மலிவு என்று எழுதிப் போட்டார். ஊர் சிரித்தது. ஐந்து ஓவியங்களுக்குத்தான் ஆள் வந்தார்கள். அவர்களில் நடிகர் டென்னிஸ் ஹாப்பரும் ஒருவர். கூடத்தை நடத்திய இர்விங் ப்ளம் நாள் முழுக்க அந்த 32-ஐயும் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தவர். இவற்றைப் பிரித்துக் கொடுக்கக்கூடாது என்று அவருக்குத் தோன்றிவிட்டது. வாங்கப் பேசியவர்களிடம் கேட்டு விலகச் செய்து, மொத்தத்தையும் 1,000 டாலருக்குத் தானே எடுத்துக்கொண்டார். மாதம் 100 டாலர் வீதம் பத்துத் தவணை. 1996-ல் அவை நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகத்துக்குப் போனபோது பேசப்பட்ட தொகை சுமார் ஒன்றரைக் கோடி டாலர்.

வரைந்தவர் ஆண்டி வார்ஹால். அப்போது வயது 33.

கடைச் சரக்கையும் விளம்பரத்தையும் ஓவியமாக்கிய பாப் கலையைப் பற்றிப் பேச்செடுத்தால் எல்லோரும் இந்தக் கதையில்தான் தொடங்குவார்கள், ஒன்றரைக் கோடி என்ற இடத்தில் முடித்துவிடுவார்கள். எனக்கு அந்த டின்னின் முன்னாலேயே இன்னும் கொஞ்ச நேரம் நிற்க வேண்டும் போலிருக்கிறது. அந்த லேபிளை நன்றாகப் பாருங்கள். அதில் சூப் இல்லை. ஆவி பறக்கும் கிண்ணம் இல்லை, தக்காளி இல்லை, கோழி இல்லை. இரண்டு வண்ணம், ஒரு கம்பெனிப் பெயர், ஒரு பதக்கம், ஒரு சொல். உள்ளே இருப்பது பட்டாணியா மாட்டிறைச்சியா என்று அந்த ஒற்றைச் சொல்லை நம்பித்தான் ஒரு குடும்பம் இரவுச் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தது. உணவைக் கண்ணால் பார்க்காமல், முகர்ந்து பார்க்காமல், விரலால் அழுத்திப் பார்க்காமல் வாங்கப் பழகிய முதல் தலைமுறை அது. பாப் ஓவியர்கள் அந்தப் பழக்கத்தைத்தான் வரைந்தார்கள் என்பது என் எண்ணம். அவர்கள் வரைந்த சாப்பாட்டை யாரும் சாப்பிடுவதில்லை. 32 டின்னில் ஒன்றுகூடத் திறந்திருக்கவில்லை.

வார்ஹாலின் பெற்றோர் இன்றைய ஸ்லோவாகியாவில் உள்ள மிகோவா என்ற மலைக்கிராமத்திலிருந்து அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரத்துக்குப் பிழைக்க வந்தவர்கள். ரூசின் இனத்தவர். அப்பா கூலி வேலை செய்தார். 1942-ல் அவர் இறந்தபோது கடைக்குட்டியான ஆண்டிக்கு வயது 13. அம்மா ஜூலியா பழம் அடைத்து வந்த காலி டின்களை வெட்டி, மடித்து, பூக்களாக்கி வீடு வீடாக விற்றவர். தான் டின்களை வரைந்ததற்கு அந்தத் தகரப் பூக்களும் ஒரு காரணம் என்று வார்ஹால் பிற்பாடு சொன்னார். காம்ப்பெல் சூப்பை ஏன் வரைந்தீர்கள் என்று 1963-ல் ஒரு பேட்டியில் கேட்டபோது, அதை நான் குடித்து வந்தேன், இருபது வருஷமாக மதியத்துக்கு அதேதான் என்ற பொருளில் பதில் சொன்னார். கேலிக்காக வரைந்தார், முதலாளித்துவத்தைக் கிழிப்பதற்காக வரைந்தார் என்றெல்லாம் எழுதியவர்கள் உண்டு. அப்பா இல்லாத வீட்டில், சமையலுக்கு நேரமில்லாத அம்மா, ஒரு டின்னைத் திறந்து சம அளவு தண்ணீர் விட்டுச் சூடாக்கிப் பிள்ளைக்கு ஊற்றித் தருகிறாள். நாளைக்கும் அதே விலை, அதே ருசி, அதே அளவு. வறுமையில் வளர்ந்த பிள்ளைக்கு இந்த மாறாத தன்மை எவ்வளவு பெரிய ஆறுதல் என்பது, மாதக் கடைசியில் அரிசி டப்பாவைச் சுரண்டிய வீட்டில் வளர்ந்தவர்களுக்குத் தெரியும். அந்த 32 ஓவியங்களில் கேலி இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

இன்னொரு விஷயம் பலருக்குத் தெரிவதில்லை. அந்த முதல் 32-உம் கையால் வரைந்தவை. படத்தைத் துணியின் மேல் வெளிச்சமாகப் பாய்ச்சி, பென்சிலால் விளிம்பெடுத்து, தூரிகையால் நிரப்பியிருக்கிறார். அடியில் வரும் சின்னப் பூ வரிசையை மட்டும் ரப்பர் ஸ்டாம்பு செய்து குத்தியிருக்கிறார். கிட்டத்தில் பார்த்தால் கோடு நடுங்கும், பூ சாயும். அதே வருஷத்தின் பிற்பகுதியில்தான் அவர் ஸ்க்ரீன் பிரிண்டிங்குக்குப் போனார். மஞ்சள் பையில் ஜவுளிக்கடைப் பெயர் அச்சடிக்கிறார்களே, அதே முறை. இயந்திரம் செய்வதைக் கையால் செய்ய முயன்ற ஒருவரின் கடைசி மாதங்கள் அந்த 32 டின்களில் இருக்கின்றன.

டின்னுக்கும் ஒரு கதை உண்டு. 1897-ல் ஜான் டாரன்ஸ் என்ற இளம் வேதியியலாளர் தன் சித்தப்பாவின் கம்பெனியில் வாரம் ஏழரை டாலர் சம்பளத்துக்குச் சேர்ந்தார். நியூஜெர்சியின் கேம்டனில் இருந்த அந்தக் கம்பெனிதான் காம்ப்பெல். சூப்பில் பெரும்பங்கு தண்ணீர். அந்தத் தண்ணீரை ஏன் ரயிலில் கூலி கொடுத்து ஏற்றி அனுப்ப வேண்டும் என்பது அவர் கேள்வி. தண்ணீரைப் பாதியாகக் குறைத்துக் கெட்டியாக்கினார். டின் சிறிதானது, விலை பத்து சென்ட்டுக்கு இறங்கியது. அடுத்த வருஷம் லேபிளுக்குச் சிவப்பும் வெள்ளையும் வந்தது. கார்னெல் பல்கலைக்கழக அமெரிக்கக் கால்பந்து அணியின் சட்டையைப் பார்த்து மயங்கிய ஒரு கம்பெனி அதிகாரி சொன்ன யோசனை அது. நடுவில் இருக்கும் பதக்கம் 1900-ல் பாரிஸ் பொருட்காட்சியில் வாங்கியது. ஆக, அந்த லேபிளில் சமையலறையிலிருந்து வந்தது எதுவும் இல்லை.

ஆனாலும் லேபிளுக்கு இவ்வளவு பலம் வந்தது அதற்கும் பின்னால்தான். பழைய அமெரிக்க மளிகைக்கடையில் வாங்குபவர் ஒரு பக்கம், கடைக்காரர் மறுபக்கம், நடுவில் பெரிய மேஜை. பிஸ்கட் பீப்பாயில் இருக்கும், மாவு மூட்டையில் இருக்கும். கடைக்காரர் எடுத்து, நிறுத்து, பொட்டலம் கட்டித் தருவார். எது புதுச் சரக்கு, எதை இன்றைக்கு வாங்க வேண்டாம் என்று தெரிந்தவர்களுக்குச் சொல்வார். 1916-ல் டென்னசி மாநிலத்தின் மெம்ஃபிஸ் நகரத்தில் கிளாரன்ஸ் சாண்டர்ஸ் என்பவர் பிக்லி விக்லி என்று ஒரு கடை திறந்து அந்த மேஜையை எடுத்துவிட்டார். வாசலில் ஒரு சுழல் கதவு, உள்ளே வரிசை வரிசையாகப் பலகைகள், நீங்களே எடுத்துக்கொண்டு வெளியே போகும் வழியில் காசு கட்ட வேண்டியது. செல்ஃப் சர்வீஸ் என்று நாம் இன்று சொல்வது அங்கே பிறந்தது. 1937-ல் ஓக்லஹோமாவில் தள்ளுவண்டியும் வந்து சேர்ந்தது.

கடைக்காரரின் வாய் போனது. அவர் இடத்தில் பேச வேண்டியது டப்பாவின் முகம். ஆயிரம் டப்பாக்கள் ஒரே நேரத்தில் கூப்பிடும்போது, பத்தடி தூரத்திலிருந்து, அரை நொடியில், என்னை எடு என்று சொல்லத் தெரிந்த டப்பாதான் பிழைக்கும். வண்ணம், எழுத்து, வடிவம் ஆகியவற்றைப் பற்றி ஓவியப் பள்ளிகள் கற்றுக்கொடுத்த அத்தனையும் இப்படிச் சோப்புத்தூளுக்கும் சூப்புக்கும் வேலை செய்யப் போனது. அமெரிக்காவில் 1940-களிலும் 50-களிலும் அதிக மக்கள் தினமும் கண்ணால் பார்த்த ஓவியம் எது என்று கேட்டால், டப்பா லேபிள் என்பதுதான் நேர்மையான பதில். அந்தச் சமயத்தில் நியூயார்க்கின் பெரிய ஓவியர்கள் மனத்தின் ஆழத்தைத் தேடி வண்ணங்களை வீசிக்கொண்டிருந்தார்கள். அதன் அழகை நான் குறைக்கவில்லை. அடுத்து வந்த இளைஞர்கள் கண்ணைத் திறந்து தெருவைப் பார்த்தார்கள் என்கிறேன்.

இதில் முதல் அடியை எடுத்துவைத்தது அமெரிக்கா இல்லை, பசித்திருந்த பிரிட்டன்.

எடுவார்டோ பவுலோட்ஸி ஓர் ஐஸ்கிரீம் கடைக்காரரின் மகன். இத்தாலியிலிருந்து வந்த குடும்பம். எடின்பரோவை ஒட்டிய லீத் துறைமுகத்தில் கடை. பையனுக்குக் கடையில் வந்த சிகரெட் அட்டைப் படங்களைச் சேர்ப்பதும் வரைவதும்தான் உலகம். 1940 ஜூன் 10 அன்று இத்தாலி போரில் குதித்தது. அன்றிரவே எடின்பரோவில் இத்தாலியர் கடைகளின் கண்ணாடிகள் நொறுங்கின. 16 வயதுப் பவுலோட்ஸியைப் பிடித்துச் சிறையில் போட்டார்கள். மூன்று மாதம் இருந்தார். அவருடைய அப்பா, தாத்தா, மாமா மூவரையும் கனடாவுக்கு நாடு கடத்த அரன்டோரா ஸ்டார் என்ற கப்பலில் ஏற்றினார்கள். ஜூலை 2 அன்று ஜெர்மன் நீர்மூழ்கி அதைத் தாக்கியது. மூவரும் கடலில் போனார்கள்.

போர் முடிந்தபின் அந்த இளைஞர் பாரிசுக்குப் போனார். அங்கே அமெரிக்கச் சிப்பாய்கள் விட்டுச்சென்ற பளபளப்பான பத்திரிகைகள் அவருக்குக் கிடைத்தன. பிரிட்டனில் அப்போதும் வெண்ணெய்க்கும் சர்க்கரைக்கும் இறைச்சிக்கும் ரேஷன். அந்தப் பத்திரிகைகளில் பக்கம் பக்கமாகச் சாப்பாடு. 1947 என்று தேதியிட்ட அவருடைய வெட்டி ஒட்டிய படம் ஒன்று லண்டன் டேட் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஒரு மலிவு இதழின் அட்டையில் ஒரு பெண். அவள் முகத்துக்கு நேரே ஒரு துப்பாக்கி. அதன் வாயிலிருந்து வரும் வெண்புகையில் 'பாப்!' என்ற சொல். பக்கத்தில் செர்ரிப் பழம் வைத்துச் சுட்ட பை பலகாரத்தின் ஒரு துண்டு. கீழே ஒரு கோகோ கோலா சீசா, ஒரு குண்டுவீச்சு விமானம். பாப் என்ற சொல் இந்தக் கலைக்குள் முதன்முதலாக எட்டிப்பார்த்த படம் இதுதான் என்பார்கள். அதில் இனிப்பும் விமானமும் அடுத்தடுத்து இருப்பது எனக்குத் தற்செயலாகத் தெரியவில்லை. இனிப்பு விற்ற அப்பாவைப் போரில் இழந்த பிள்ளை கத்தரிக்கோலால் வெட்டிய படம் அது.

1952-ல் லண்டனில் நண்பர்கள் கூடிய ஓர் அறையில் பவுலோட்ஸி இப்படிப்பட்ட துண்டுகளைத் திரையில் ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டுக் காட்டினார். அந்த நண்பர் வட்டத்தில் ஒருவரான ரிச்சர்ட் ஹாமில்டன் 1956-ல் வைட்சேப்பல் கூடத்தில் நடந்த கண்காட்சி ஒன்றுக்காக ஒரு படம் ஒட்டினார். இன்றைய வீடுகளை இவ்வளவு வித்தியாசமாக, இவ்வளவு கவர்ச்சியாக ஆக்குவது எது என்று கேட்கும் நீண்ட தலைப்பு. இருபத்தைந்து சென்டிமீட்டர் சொச்சம்தான், பள்ளி நோட்டின் அளவு. வரவேற்பறையில் தசை முறுக்கிய ஓர் ஆண், கையில் ராட்சச லாலிபாப். சோபாவில் ஒரு பெண். டெலிவிஷன், டேப் ரெக்கார்டர், வாக்குவம் கிளீனர். காபி மேஜையில், சிலை வைக்கும் இடத்தில், டின்னில் அடைத்த பன்றி இறைச்சி. பிரிட்டனில் இறைச்சி ரேஷன் முடிந்தது 1954 ஜூலை 4. அந்தப் படம் வந்தது இரண்டே வருஷம் கழித்து. பதினான்கு வருஷம் கூப்பனைக் கிழித்துக் கொடுத்துக் கறி வாங்கிய மக்களுக்கு, முழு டின் இறைச்சி மேஜைமேல் சும்மா உட்கார்ந்திருப்பது எப்படிப்பட்ட கனவு என்று நினைத்துப் பாருங்கள்.

அமெரிக்காவில் நிலைமை தலைகீழ். அங்கே எல்லாம் நிறைந்து வழிந்தது. கிளேஸ் ஓல்டன்பர்க் அந்த வழிதலைக் கையால் தொட்டுப் பார்க்க விரும்பியவர். 1961 டிசம்பரில் நியூயார்க்கின் ஏழைப் பகுதியான லோயர் ஈஸ்ட் சைடில், கிழக்கு இரண்டாம் தெரு 107-ஆம் எண்ணில் ஒரு கடை திறந்தார். பெயர் 'தி ஸ்டோர்'. பின்னறையில் கம்பி வலையை வளைத்து, சாந்தில் நனைத்த துணியைப் போர்த்தி, கடைகளில் கிடைக்கும் எனாமல் பெயின்டைச் சொட்டச் சொட்டப் பூசுவார். பை துண்டு, ஹாம்பர்கர், சட்டை, செருப்பு. காய்ந்ததும் முன்னறையில் விலை போட்டு வைப்பார். ஓவியரும் அவரே, கடைக்காரரும் அவரே. சாண்டர்ஸ் எடுத்துவிட்ட மேஜையைத் திரும்பப் போட்டு, அதன் பின்னால் நின்று, தான் செய்ததைத் தானே எடுத்துக் கொடுத்தார். பாப் கலை முழுவதிலும் எனக்கு மிகவும் பிடித்த காரியம் இது.

அடுத்த வருஷம் அவருடைய பலகாரங்கள் ஊதிப் பெருத்தன. 1962-ல் செய்த தரை பர்கர் ஏழடி அகலம். கித்தான் துணியைத் தைத்து, உள்ளே நுரை ரப்பரும் அட்டைப்பெட்டியும் அடைத்தது. தையல் வேலை அவர் மனைவி பட்டி முக்காவின் கை. பளிங்கும் வெண்கலமும் நிமிர்ந்து நின்ற சிற்ப உலகத்தில், சாய்ந்து, தொய்ந்து, மெத்தைபோல் தரையில் கிடக்கிறது ஒரு ரொட்டியும் கறியும் ஊறுகாய்த் துண்டும். டொரன்டோவில் உள்ள ஒன்டாரியோ கலைக்கூடம் 1967-ல் அதை வாங்கியபோது, ஓவிய மாணவர்கள் அதே அளவுக்கு ஒரு ராட்சச கெச்சப் பாட்டில் செய்து தூக்கிக்கொண்டு எதிர்ப்பு ஊர்வலம் வந்தார்கள். எதிர்க்க வந்தவர்களும் பாப் கலைதான் செய்தார்கள்.

கலிஃபோர்னியாவின் வேய்ன் தீபோவை மற்றவர்களோடு சேர்த்துப் பாப் ஓவியர் என்று சொன்னால் அவருக்குப் பிடிக்காது. பதின்ம வயதில் லாங் பீச்சில் ஒரு சிற்றுண்டிக் கடையில் வேலை பார்த்தவர். பிறகு விளம்பரங்கள் வரைந்தார். நாற்பதை ஒட்டிய வயதில் கண்ணாடிப் பெட்டிக்குள் வரிசையாக நிற்கும் கேக்குகளையும் பை துண்டுகளையும் வரையத் தொடங்கினார். மாடல் எதுவும் வைத்துக்கொள்ளவில்லை, எல்லாம் நினைவிலிருந்து. அவர் கேக்குக்கு க்ரீம் தடவிய மாதிரியே வண்ணத்தைத் தடவுவார். வெள்ளை எண்ணெய் வண்ணம் துணிமேல் கரண்டியால் இழுத்த வெண்ணெய் போலத் தடித்து நிற்கும். நிழல் கறுப்பாக இருக்காது, நீலமாக இருக்கும். விளிம்பில் ஆரஞ்சும் பச்சையும் மின்னும். 1963-ல் வரைந்த 'கேக்குகள்' வாஷிங்டன் தேசிய ஓவியக்கூடத்தில் இருக்கிறது. பதின்மூன்று கேக்குகள், ஒன்றில் மட்டும் ஒரு துண்டு வெட்டி எடுத்திருக்கிறது. வெட்டியவர் யாரும் படத்தில் இல்லை. பிறந்தநாள் இல்லை, பிள்ளைகள் இல்லை, தட்டில்லை. அவ்வளவு இனிப்பும் அவ்வளவு வெளிச்சமும் சேர்ந்து ஏன் இப்படி நெஞ்சை அடைக்கிறது என்று அந்தப் படத்தைப் பார்க்கும்போதெல்லாம் தோன்றும். 2021 கிறிஸ்துமஸ் அன்று, 101 வயதில் இறந்தார். கடைசிவரை வரைந்துகொண்டிருந்தார்.

மறுபடி வார்ஹாலிடம் வருகிறேன், இன்னொரு மனிதருக்காக. 1964 ஏப்ரலில் நியூயார்க்கின் ஸ்டேபிள் கூடத்தில் அவர் வைத்த கண்காட்சிக்குள் நுழைந்தவர்கள் குடோனுக்கு வந்துவிட்டோமோ என்று திகைத்தார்கள். தச்சர்களிடம் சொல்லிச் செய்த ஒட்டுப்பலகைப் பெட்டிகள் கூரையைத் தொடும்படி அடுக்கியிருந்தன. ஹெய்ன்ஸ் கெச்சப், டெல் மான்டே பீச் பழம், கெல்லாக்ஸ் கார்ன் ஃப்ளேக்ஸ், பாத்திரம் தேய்க்கும் ப்ரில்லோ எஃகு நார். சூப்பர் மார்க்கெட்டுக்கு லாரியில் வரும் அட்டைப்பெட்டிகளை அப்படியே ஸ்க்ரீன் பிரிண்ட் செய்தவை. ஆர்தர் டாண்டோ என்ற தத்துவப் பேராசிரியர் அந்த ப்ரில்லோ பெட்டிகளைப் பார்த்துவிட்டு வந்து, கண்ணுக்கு ஒரேமாதிரி இருக்கும் இரண்டில் ஒன்று கலையாகவும் மற்றது சரக்காகவும் இருப்பது எதனால் என்ற கேள்வியைத் தன் வாழ்நாள் முழுக்கக் கேட்டார்.

நிஜமான ப்ரில்லோ பெட்டியை வடிவமைத்தவரும் ஓர் ஓவியர்தான். பெயர் ஜேம்ஸ் ஹார்வி. பகலில் வயிற்றுப்பாட்டுக்கு டப்பா வடிவமைப்பார், மற்ற நேரத்தில் அருவ ஓவியம் வரைவார். கண்காட்சித் தொடக்கத்துக்கு அவரும் போயிருந்தார். தான் சம்பளத்துக்கு வரைந்த சிவப்பு நீல அலைகள் கலையாக அடுக்கப்பட்டிருப்பதைக் கண்டார். தான் உயிரைக் கொடுத்து வரைந்த படங்களை அப்படி யாரும் பார்க்க வரவில்லை. அடுத்த வருஷம் புற்றுநோயில் இறந்தார். வயது 36. 2010-ல் வார்ஹாலின் ஒரே ஒரு ப்ரில்லோ பெட்டி 30 லட்சம் டாலருக்கு மேல் விலைபோனது. அந்தப் பெட்டி இருக்கும் ஒவ்வோர் இடத்திலும் ஹார்வியின் பெயரையும் எழுதிவைக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன். வார்ஹாலின் பெருமை அதனால் குறையாது. லேபிளுக்குப் பின்னால் ஒரு கை இருந்தது என்பது தெரியும்.

அதே 1964 அக்டோபரில் பியாங்கினி கூடத்தில் 'அமெரிக்கன் சூப்பர் மார்க்கெட்' என்றொரு கண்காட்சி. கூடத்தையே கடையாக மாற்றிவிட்டார்கள். ராபர்ட் வாட்ஸ் செய்த குரோம் முட்டைகள், மெழுகில் வார்த்த பழங்கள், வார்ஹால் கையெழுத்திட்ட நிஜ சூப் டின்கள். வாங்கியவர்களுக்கு ஓவியம் அச்சிட்ட பைகள் கிடைத்தன. கலைக்கும் கடைக்கும் நடுவே மிச்சமிருந்த திரையும் அன்று விலகியது.

இந்த இடத்தில் ஒரு கேள்வி வரும்: இவர்கள் விற்பவன் பக்கமா, வாங்குபவன் பக்கமா? எனக்குப் பதில் தரும் படம் ஒன்று உண்டு. 1963-ல் டெட்ராய்ட் பகுதியில் இரண்டு பெண்கள் சேர்ந்து மதியத்துக்கு ஒரு டின் சூரை மீனைத் திறந்து சாப்பிட்டார்கள். உள்ளே நச்சுக் கிருமி வளர்ந்திருந்தது. இருவரும் இறந்தார்கள். ஒரு வார இதழ் அவர்கள் படத்தையும் டின்னின் படத்தையும் போட்டிருந்தது. வார்ஹால் அந்தப் பக்கத்தை எடுத்து, வெள்ளிச்சாம்பல் நிறத்தில் ஸ்க்ரீன் பிரிண்ட் செய்தார். திரும்பத் திரும்ப அதே டின், அதே இரண்டு சிரித்த முகங்கள், மை மங்கி மங்கி. சூப் டின்னை வரைந்த கைதான் அடுத்த வருஷமே இதையும் செய்தது. லேபிளை நம்பி வாழ்ந்தவர் லேபிள் பொய்த்த கதையையும் விட்டுவிடவில்லை. இருபது வருஷம் டின் சூப் குடித்தவருக்கு அந்தச் செய்தி எப்படி இருந்திருக்கும்! 1962-ல்தான் ரேச்சல் கார்சன் பூச்சிமருந்தைப் பற்றிய தன் புத்தகத்தையும், மைக்கேல் ஹாரிங்டன் செழிப்புக்கு நடுவே மறைந்திருந்த அமெரிக்க ஏழைகளைப் பற்றிய தன் புத்தகத்தையும் வெளியிட்டார்கள். டப்பாவுக்குள் என்ன, பளபளப்புக்குப் பின்னால் யார் என்ற கேள்விகள் அந்த வருஷத்துக் காற்றிலேயே இருந்தன.

ஜேம்ஸ் ரோசன்க்விஸ்ட் டைம்ஸ் ஸ்கொயரில் சாரத்தில் ஏறி நின்று விளம்பரப் பலகை வரைந்து பிழைத்தவர். ஒரு சிரிப்பை முப்பதடிக்கு இழுத்து வரையத் தெரிந்த கை. 1964-65-ல் 86 அடி நீளத்துக்கு ஓர் ஓவியம் செய்தார். பெயர் 'எஃப்-111'. வியட்நாம் போர்க் காலத்தில் அமெரிக்க அரசு உருவாக்கிக்கொண்டிருந்த குண்டுவீச்சு விமானத்தின் பெயர். அந்த விமானம் அறையின் நான்கு சுவரையும் சுற்றி ஓடுகிறது. இடையிடையே ஒரு டயர், ஒரு கேக், முடி உலர்த்தும் இயந்திரத்துக்குள் சிரிக்கும் ஒரு சிறுமி, அணுகுண்டுப் புகை, கடைசியில் தக்காளிச் சாற்றில் ஊறிய ஸ்பகெட்டி மலை. பவுலோட்ஸியின் சின்னத் தாளில் இருந்த அதே இனிப்பும் அதே விமானமும்! கேக்கை வாங்குபவரின் வரியில்தான் விமானமும் வாங்கப்படுகிறது என்று ரோசன்க்விஸ்ட் 86 அடிக்கு எழுதிவைத்தார்.

ஃபெரஸ் கூடத்தில் அந்த 32 டின்களைப் பார்த்தவர்களில் ஒரு கன்னியாஸ்திரியும் இருந்தார். சிஸ்டர் கொரிட்டா கென்ட். லாஸ் ஏஞ்சலிசின் இம்மாக்குலேட் ஹார்ட் கல்லூரியில் ஓவிய ஆசிரியை. அதன்பிறகு மளிகைச் சாமான்களை வேறு கண்ணால் பார்த்தார். வொண்டர் பிரெட் என்ற ரொட்டியின் உறையில் சிவப்பும் நீலமும் மஞ்சளுமாக வட்டங்கள் இருக்கும். 1962-லேயே அந்த வட்டங்களை எடுத்து ஒரு ஸ்க்ரீன் பிரிண்ட் செய்தார். திருப்பலியில் வாங்கும் நற்கருணை அப்பமும் வட்டம், கடை ரொட்டியின் உறையிலும் வட்டம். 1964-ல் ஒரு டப்பாத் தக்காளி விளம்பரத்தை எடுத்து, மரியன்னையையே மிகச் சாறுள்ள தக்காளி என்று சொல்லும் படம் செய்தார். திருச்சபை மேலிடம் கடுமையாகக் கோபித்தது. அந்த வருஷத்து மாதா திருநாளில் அவருடைய மாணவிகள் சூப்பர் மார்க்கெட் விளம்பர அட்டைகளையும் டப்பாக்களையும் ஏந்தி ஊர்வலம் போனார்கள். உலகத்தின் பசியை நினைக்க வைப்பதுதான் நோக்கம். 1968-ல் அவர் துறவற வாழ்க்கையை விட்டு வெளியேறினார். டப்பாவைத் திறந்து பங்கிட்டுக் கொடுக்க முயன்ற பாப் ஓவியர் என்று யாரையாவது சொல்ல வேண்டுமானால் நான் இவரைத்தான் சொல்வேன்.

கடைச் சரக்கையே செய்தி சொல்ல வைத்தவர் இன்னொருவரும் உண்டு. பிரேசிலில் ராணுவ ஆட்சி நடந்த 1970-ல் சில்டோ மெய்ரெலஸ் என்ற இளைஞர் கோகோ கோலா சீசாக்களையே தபால்பெட்டி ஆக்கினார். அப்போது காலிச் சீசாவைக் கடையில் திருப்பிக் கொடுப்பார்கள். கம்பெனி அதைக் கழுவி மறுபடி நிரப்பும். அவர் காலிச் சீசாவின்மேல் வெள்ளை எழுத்தில் வாசகங்கள் பதித்துத் திருப்பிக் கொடுத்தார். காலியாக இருக்கும்போது கண்ணாடியில் எழுத்து தெரியாது. கறுப்புப் பானம் ஏறினால்தான் தெரியும். அமெரிக்கர்களே ஊருக்குப் போங்கள் என்ற வாசகத்தைக் கம்பெனியின் சொந்த லாரியே ஊரெல்லாம் கொண்டு சேர்த்தது.

வார்ஹாலின் சூப் டின் ஓவியங்களுக்காகக் காம்ப்பெல் கம்பெனி முதலில் வழக்குப் போடலாமா என்று யோசித்தது. பிறகு 1964-ல் அதன் அதிகாரி ஒருவர் வார்ஹாலுக்குப் பாராட்டுக் கடிதம் எழுதி, உங்களுக்குத் தக்காளி சூப் பிடிக்கும் என்று கேள்விப்பட்டோம் என்று பெட்டி நிறைய டின்களையும் அனுப்பினார். சில வருஷத்தில் அதே கம்பெனி சூப் டின் படம் அச்சிட்ட காகித கவுன் ஒன்றை விற்றது. ஒரு டாலரும் இரண்டு லேபிள்களும் அனுப்பினால் வீட்டுக்கு வரும். 2012-ல், முதல் கண்காட்சியின் ஐம்பதாவது ஆண்டில், வார்ஹாலின் வண்ணங்களில் லேபிள் ஒட்டிய நிஜத் தக்காளி சூப் அமெரிக்கக் கடைகளில் 75 சென்டுக்குக் கிடைத்தது. லேபிள் ஓவியமாகி, ஓவியம் மறுபடி லேபிளாகி, டின் பழைய பலகைக்கே வந்து சேர்ந்தது.

1982-ல் டென்மார்க் இயக்குநர் யோர்கன் லெத் அமெரிக்காவைப் பற்றி ஒரு படம் எடுத்தார். 66 காட்சிகள். அதில் ஒன்றில் வார்ஹால் வருகிறார். வெள்ளைத் தலைமுடி, கோட்டு, டை. மேஜைமேல் ஒரு காகிதப் பை, ஒரு ஹெய்ன்ஸ் கெச்சப் பாட்டில். பையைப் பிரித்து பர்கர் கிங் பர்கரை எடுக்கிறார். பாட்டிலைத் தலைகீழாக்கி உலுக்குகிறார், கெச்சப் லேசில் வர மறுக்கிறது. உலுக்கி உலுக்கி ஒருவழியாகக் காகிதத்தின் ஓரத்தில் கொஞ்சம் ஊற்றிக்கொள்கிறார். பர்கரை அதில் தொட்டுத் தொட்டுச் சாப்பிடுகிறார். கேமரா அசைவதில்லை. இசை இல்லை, பேச்சு இல்லை, காகிதம் சரசரக்கும் ஓசை மட்டும். நாலரை நிமிஷம். 2019-ல் பர்கர் கிங் கம்பெனி இதிலிருந்து 45 நொடியை வெட்டி, நாடே பார்க்கும் அமெரிக்கக் கால்பந்து இறுதிப் போட்டியின் நடுவே விளம்பரமாகப் போட்டது. முழுக் காட்சியைப் பார்த்தால்தான் மெல்லும் தாடையும், விழுங்கும்போது தொண்டை ஏறி இறங்குவதும், அடுத்து என்ன செய்வது என்று தெரியாத கண்களும் தெரியும். மிச்சத்தை மடித்துப் பைக்குள் போடுகிறார். கையைத் துடைக்கிறார். கேமராவை ஏறிட்டுப் பார்த்துக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருக்கிறார். பிறகு தன் பெயரைச் சொல்லி, இப்போதுதான் ஒரு பர்கரைச் சாப்பிட்டு முடித்தேன் என்கிறார்.